கடற்கரைப் பாறையில் தொப்பி மாதிரி ஒட்டியிருக்கும் சிப்பிக்கு உயிர் உண்டா? முட்டத்தில் கத்தியால் நெம்பியும் வரவில்லையே?

உயிர் உண்டு. முதலில் கத்தியைக் கீழே வையுங்கள்.

சுற்றிப்பார்க்க வந்த இடத்தில் பிள்ளைகள் "எடுத்துத் தா" என்று கேட்டிருப்பார்கள், நீங்களும் இறங்கியிருப்பீர்கள். குறை சொல்லவில்லை. ஆனால் அது எங்கள் ஊர்ப் பாறை, அதனால்தான் எழுதுகிறேன்.

நீங்கள் பார்த்தது சிப்பி இல்லை, லிம்பெட். ஒரே ஓடுதான், நத்தைக்குச் சொந்தக்காரன். லேசாகத் தொட்டாலே சுதாரித்துக்கொண்டு தன் ஓட்டைப் பாறையோடு அழுத்திவிடும். அப்புறம் நெம்பினால் பாறையைப் பற்றியிருக்கும் அதன் தசைக் கால் கிழியும். முழுசாக வந்தாலும் பிழைப்பது கஷ்டம். ஓட்டின் விளிம்பு அது தங்கும் இடத்துக்குப் பொருந்தியே வளர்ந்திருக்கும். வெயிலில் உள்ளே ஈரம் காயாமல் இருப்பது அந்தப் பொருத்தத்தால்தான்.

அப்பா சிப்பி எடுக்க முங்குகிறவர். பாறைமேல் சாக்கைப் பிடித்துக்கொண்டு உட்காருவது என் வேலை. பொழுது போகாமல் ஒரு லிம்பெட்டின் முதுகில் அக்காவின் நெயில் பாலிஷால் சிவப்புப் பொட்டு வைத்தேன். அலை நனைத்ததும் மெல்ல நகர்ந்து பாசி மேயப் போனது. மறுநாள் பார்த்தால் அதே பள்ளத்தில், அதே பக்கம் பார்த்து உட்கார்ந்திருக்கிறது! அப்பாவுக்கு இது அதிசயமே இல்லை. "அதுக்கும் வீடு உண்டும் மக்ளே" என்றார், அவ்வளவுதான். (எல்லா இனமும் தவறாமல் திரும்பும் என்று நான் சொல்லவில்லை. சண்டைக்கு வராதீர்கள்.)

மேய்வதென்றால் சும்மா நக்குவதல்ல. நாக்கு ஒரு அரம். வரிசை வரிசையாகப் பல், முன்வரிசை தேயத் தேயப் பின்னாலிருந்து புதுசு வரும். ஒரு பல் ஒரு மில்லிமீட்டர்கூட இருக்காது. அதில் கோதைட் என்ற இரும்புத் தாது இழை இழையாக ஓடுகிறது. 2015-இல் போர்ட்ஸ்மவுத் பல்கலைக்கழகத்தார் அந்தப் பல்லை இழுத்துச் சோதித்தபோது வலுவில் சிலந்தி நூலையே மிஞ்சிவிட்டது. அவர்கள் சோதித்தது பிரிட்டன் கடற்கரை இனம். நம் பக்கம் இருப்பது செல்லானா என்ற லிம்பெட் வகை, அதற்கு ஒன்றுவிட்ட தம்பி முறை. இதைச் சொல்லாமல் விட்டால் பின்னூட்டத்தில் ஒரு பேராசிரியர் வந்து நிற்பார்.

பாறையைப் பார்க்க எல்லோரும் வாருங்கள், சந்தோஷம். உங்களை ஏற்றிவரும் அதே பஸ்ஸில் என் அம்மாவை மீன் வட்டியோடு (கூடைதான்) ஏற்ற மாட்டேன் என்கிறார்கள். நாற்றமாம். தண்ணீர் சொட்டாமல் வாளியில் மூடி எடுத்துப் போனாலும் அதே பேச்சு. வெயிலில் நடந்து போய் விற்றுவிட்டு வருகிறார். அந்த மீனைத்தான் மத்தியானம் ஓட்டலில் "இன்னொரு துண்டு வை" என்று கேட்டுத் தின்கிறார்கள்.