வாசகர் கேட்கிறார்

கேள்வி: போஃபர்ஸ் ஊழலைத் துருவி எடுத்த சித்ரா சுப்ரமணியம் பற்றிச் சொல்லுங்களேன்? – வாசகி, கும்பகோணம்

பதில்: 1987 ஏப்ரலில் ஸ்வீடன் வானொலிதான் முதலில் விஷயத்தைப் போட்டு உடைத்தது. ஸ்வீடனின் ஆயுத நிறுவனமான போஃபர்ஸ் இந்தியாவுக்கு 410 பீரங்கிகள் விற்றதில் லஞ்சம் கைமாறியது என்றது. அப்போது பத்திரிகையாளர் சித்ரா ஜெனீவாவில் இருந்தபடி ‘இந்து’ நாளிதழுக்கு எழுதிக்கொண்டிருந்தார். சென்னையில் அந்த நாளிதழின் என்.ராம் அவரோடு சேர்ந்து உழைத்தார்.

செய்தியோடு வங்கித் தாள்களின் நகல்களையும் அச்சிட்டார்களே, அதுதான் என்னைக் கட்டிப்போட்டது. கணக்கு, கமிஷன், ரகசியப் பெயர் எல்லாமே கண்ணெதிரே இருந்தன. மறுப்பு அறிக்கை விட்டவர்களுக்கு அதற்குமேல் என்ன சொல்ல இருந்தது? 1989-ல் ‘இந்து’ அந்தத் தொடரை நிறுத்தியது. சித்ரா விடவில்லை, ‘இந்தியன் எக்ஸ்பிரஸ்’ஸில் தொடர்ந்தார்.

ஆனால் நான் அவரை வணங்குவது வேறொன்றுக்காக. 350-க்கும் மேற்பட்ட ஆவணங்களை அவருக்குக் கொடுத்தது யார் என்று 25 வருடங்கள் அவர் வாய் திறக்கவே இல்லை. ஸ்வீடன் காவல்துறையில் அந்த விசாரணையை நடத்திய ஸ்டென் லிண்ட்ஸ்ட்ரோம்தான் அது என்பது, 2012-ல் லிண்ட்ஸ்ட்ரோமே ஒரு பேட்டியில் சொல்ல முன்வந்தபோதுதான் தெரிந்தது. அந்தப் பேட்டியை எடுத்ததும் சித்ராதான். அப்போது பிரதமராக இருந்த ராஜீவ் காந்தி பணம் வாங்கியதற்கு ஆதாரம் இல்லை, ஆனால் மூடிமறைப்பைப் பார்த்துக்கொண்டு சும்மா இருந்தார் என்றார் லிண்ட்ஸ்ட்ரோம். அமிதாப் பச்சன் பெயரை வேண்டுமென்றே நுழைத்தார்கள் என்றும் சொன்னார். இரண்டையும் சித்ரா அப்படியே வெளியிட்டார்.