இலவச ஹேக் போட்டான், அக்கவுண்ட் போனது: பணம் கொடுத்து மீட்கலாமா?

கேள்வி: ஆன்லைன் துப்பாக்கிச் சண்டை விளையாட்டில் குறி தானாக விழ வைக்கும் இலவச ஹேக் ஒன்றை, ஒரு வீடியோவின் கீழிருந்த லிங்கிலிருந்து என் மகன் இறக்கினான். ஆன்டிவைரஸை அணைக்கச் சொன்னார்களாம், அணைத்துவிட்டான். இப்போது அக்கவுண்ட் பேன் (தடை) ஆகிவிட்டது. பணம் கொடுத்தால் பேனை எடுத்துத் தருவதாக ஒருவர் சொல்கிறார். கொடுக்கலாமா?

பதில்: கொடுக்காதீர்கள். "கம்பெனிக்குள் எனக்கு ஆள் இருக்கிறது" என்பவர்கள் எல்லோரும் ஒரே ரகம். முதலில் முன்பணம், அப்புறம் பாஸ்வேர்டு, கடைசியில் ஓடிபி. உதாரணமாக, ஸ்டீம் என்ற விளையாட்டுத் தளத்தில், ஹேக்கைக் கண்டுபிடிக்கும் வாக் (VAC) அமைப்பு போடும் தடை நிரந்தரம். ஸ்டீமின் உதவி மையத்தாலேயே அதை நீக்க முடியாது. வெளியாள் எப்படி நீக்குவார்? வேறு வகைத் தடை என்றால் விளையாட்டுக் கம்பெனிக்கு நேராக மேல்முறையீடு எழுதலாம்தான். பல நேரம் இயந்திரம் எழுதிய பதில்தான் வரும், அதைப் படித்து ரத்தம் கொதிக்கும். அதற்காக இடைத்தரகரிடம் போகாதீர்கள்.

ஆனால், நீங்கள் கவலைப்பட வேண்டியது பேனைப் பற்றி அல்ல. ஆன்டிவைரஸை அணைக்கச் சொன்னார்களே, அதைப் பற்றி. "ஹேக் என்றாலே ஆன்டிவைரஸ் கத்தும், பயப்படாதே" என்பதில் பாதி உண்மை இருப்பதால்தான் பையன்கள் ஏமாறுகிறார்கள். கோப்பு பாஸ்வேர்டு போட்ட ஜிப்பாக வந்ததா என்று மகனிடம் கேளுங்கள். ஸ்கேனர் உள்ளே பார்க்கக் கூடாது என்பதற்காகவே அப்படிப் பூட்டுவார்கள். ரெட்லைன் என்ற, பாஸ்வேர்டு திருடும் மென்பொருள் இப்படித்தான் பரவியது. மாட்டியவரின் சொந்த யூடியூப் சேனலிலேயே அடுத்த ஹேக் வீடியோவை ஏற்றிவிடும் தந்திரமும் அதனோடு வந்தது. ஆகவே "நம்பகமான சேனல்" என்ற பேச்சே வேண்டாம். 2024 அக்டோபரில் பல நாட்டுப் போலீசார் சேர்ந்து அதன் சர்வர்களை முடக்கினார்கள். அதே வேலையைச் செய்யும் வேறு மென்பொருள்கள் இன்னும் சுற்றுகின்றன. அந்த வீடியோக்களைப் புகார் செய்து பாருங்கள், எப்போது எடுப்பார்கள் என்று யாருக்கும் தெரியாது.

ஹேக் நன்றாக வேலை செய்தது என்பதாலும் நிம்மதி அடையாதீர்கள். அது முன்னால் ஓடும்போதே பின்னால் பிரவுசரில் சேமித்த பாஸ்வேர்டு, கார்டு விவரம், லாகின் குக்கி (நீங்கள் ஏற்கெனவே லாகின் செய்தவர் என்று தளத்துக்குக் காட்டும் பதிவு) எல்லாம் போயிருக்கலாம். குக்கி போனால் பாஸ்வேர்டே இல்லாமல் உள்ளே நுழைவார்கள்.

தனியாக, நெட் இல்லாமல் ஆடும் விளையாட்டில் அதிலேயே இருக்கும் சீட் கோடை (ஆட்டத்தை எளிதாக்கும் ரகசியக் குறியீட்டை) போடுவது வேறு விஷயம். அதில் தப்பே இல்லை. ஆனால் அதற்கென்று வெளியிலிருந்து 'டிரெய்னர்' (ஓடும் விளையாட்டை மாற்றும் தனி மென்பொருள்) இறக்கினால் மறுபடி இதே ஆபத்துதான். அந்த விளையாட்டுக்கே ஆன்லைன் பகுதியும் இருந்து, டிரெய்னரை மூட மறந்து உள்ளே போனால் பேனும் உண்டு. "நான் தனியாகத்தானே ஆடினேன்" என்பது அங்கே எடுபடாது.

சரி, இப்போது செய்ய வேண்டியது. அந்தக் கம்ப்யூட்டரை நெட்டிலிருந்து பிடுங்குங்கள். வேறொரு கருவியிலிருந்து முதலில் மின்னஞ்சல் பாஸ்வேர்டை மாற்றி, "எல்லாக் கருவிகளிலிருந்தும் வெளியேறு" என்பதை அழுத்துங்கள். அப்புறம் வங்கி, பிறகு மற்றவை. பிரவுசரில் உங்கள் கார்டு சேமித்திருந்தால் வங்கியைக் கூப்பிட்டு அதை முடக்குங்கள். விண்டோஸை முழுதாக அழித்துவிட்டு மறுபடி போடுங்கள். அது முடியும்வரை வீட்டில் யாரும் அந்தக் கம்ப்யூட்டரில் எதிலும் லாகின் செய்ய வேண்டாம்.