மண்டி வேலையை விட்டுவிட்டு காமெடி எழுதப் போகலாமா?

கேள்வி: சொந்த ஊர் கோபிங்க. ஈரோட்டில் மஞ்சள் மண்டியில் கணக்கு எழுதுகிறேன். வயது 27. டிவி காமெடி நிகழ்ச்சிகளுக்கு எழுத ஆசை. பெண் பார்க்கும் காட்சி ஒன்றை நான்கு பக்கம் எழுதி அனுப்பியிருக்கிறேன். வேலையை விட்டுவிட்டு சென்னைக்குப் போகலாங்களா? பாக்யராஜ் சாரும் எங்கள் பக்கம்தானுங்களே.

பதில்: இப்போதைக்கு விடாதீர்கள் தம்பி. வெள்ளாங்கோயிலிலிருந்து போன பாக்யராஜும் பாரதிராஜாவிடம் உதவியாளராக இருந்துவிட்டு, 1979-ல்தான் இயக்குநர் ஆனார். கிரேசி மோகன் கிண்டியில் இன்ஜினியரிங் படித்து, வேலை பார்த்துக்கொண்டேதான் நாடகம் எழுதினார்.

சரி, காட்சிக்கு வருவோம். முதல் இரண்டு பக்கமும் 'ங்க' போட்டுத் திட்டிக்கொள்வதுதான். இதை முப்பது வருஷமாகப் பார்த்தாச்சு. உங்களுக்கே உரிய விஷயம் மூன்றாம் பக்கத்தில் ஒளிந்திருக்கிறது. மாப்பிள்ளையின் அப்பா மண்டிக்காரர். விரலி மஞ்சளை ஒடித்து 'காச்சல்', அதாவது காய்ந்த பதம், பார்க்கிற பழக்கத்தில் தட்டில் இருக்கும் முறுக்கை ஒடித்துக் காதில் வைக்கிறார். அங்கேயே காட்சியைத் தொடங்குங்கள். அவர் "காச்சல் பத்தலீங்களே" என்கிறார். காது மந்தமான பாட்டி உள்ளேயிருந்து, "காச்சலா? அது போன மாசமே உட்டுப்போச்சுங், இப்பப் புள்ள நல்லாத்தானுங் இருக்குது!" சிரிப்பும் வந்துவிட்டது, மறைத்து வைத்த விஷயமும் வெளியே வந்துவிட்டது. சென்னையில் உட்கார்ந்து எழுதுகிறவனுக்கு இந்தக் 'காச்சல்' கிடைக்காது.

அப்புறம், உங்கள் காட்சியில் பதினொரு பேர், ஒரு வேன், ஒரு ஆட்டுக்குட்டி. டிவி ஸ்கிட்டுக்கு மூன்று நான்கு பேர், ஒரு சோபா, ஐந்தாறு நிமிடம். அதற்குள் அடங்க வேண்டும். ஆட்டுக்குட்டிக்கு கால்ஷீட் வாங்க முடியாது.

உள்ளே நுழைய ஒரே வாசல்தான் என்று நினைக்க வேண்டாம். விஜய் டிவியில் 2005-ல் கலக்கப் போவது யாரு வந்தபோதிலிருந்தே மேடையேறும் கலைஞர்களுக்குப் புதுச் சரக்கு தேவைப்பட்டுக்கொண்டே இருக்கிறது. கோவைப் பக்கம் மிமிக்ரி செய்கிற பையன்கள் இருவரைப் பிடியுங்கள். ஊர் நோம்பி (திருவிழா) மேடையில் போட்டுப் பாருங்கள். எந்த இடத்தில் கூட்டம் எழுந்து டீ குடிக்கப் போகிறதோ, அந்த வரியை வெட்டுங்கள்.

பணம். நான் ஒரு நிகழ்ச்சிக்கு ஆறு வாரம் எழுதினேன், பேச்செல்லாம் போனிலேயே. திடீரென்று நிகழ்ச்சி நின்றது, இரண்டு வாரப் பணம் இன்றுவரை வரவில்லை. அதனால் ஒரு பக்கமாவது ஒப்பந்தம் கேளுங்கள். 1957-ம் ஆண்டு பதிப்புரிமைச் சட்டப்படி, உரிமையை மாற்றிக் கொடுப்பது எழுத்தில், கையெழுத்தோடு இருந்தால்தான் செல்லும். காலம் குறிப்பிடாவிட்டால் 5 வருஷம் என்று கணக்கு. வெறும் ஐடியாவுக்கு உரிமை கிடையாது, எழுதிய வசனத்துக்குத்தான் உண்டு. வாயால் கதை சொல்லப் போகுமுன் முழுக்க எழுதி மெயிலில் அனுப்பிவிடுங்கள், தேதி நிற்கும். தொகை வரம்பைத் தாண்டினால் 10 சதவீதம் டிடிஎஸ் (வருமான வரி) பிடிப்பார்கள், அதைக் கணக்குப்பிள்ளைக்கு நான் சொல்ல வேண்டியதில்லை.

பாட்டி அப்படிச் சொன்னதும் மாப்பிள்ளை என்ன கேட்கிறான் என்று எழுதி அனுப்புங்கள். ஒரு பக்கத்துக்கு மேல் வேண்டாம்.