மூவாயிரம் மிச்சம் பார்த்தால் இருபது லட்சம் போகும்

கேள்வி: ஒத்தக்கடை பக்கம் வீடு வாங்க 30 லட்சம் கடன், 8.5 சதவீத வட்டி. 20 வருடத்துக்குத் தவணை 26,035 ரூபாய், 30 வருடம் என்றால் 23,067. மாதம் மூவாயிரம் குறைகிறதே, 30 வருடமே எடுக்கலாமா? – வாசகி, மதுரை

பதில்: முடிந்தவரை 20 வருடத்திலேயே நில்லுங்கள் அம்மா. மொத்தமாகக் கூட்டிப் பாருங்கள்: 20 வருடத்தில் வட்டி மட்டும் சுமார் 32.5 லட்சம், 30 வருடத்தில் 53 லட்சம். தவணை அட்டவணையைக் கேட்டு வாங்கி முதல் வரியைப் படியுங்கள், 20 வருடக் கடனிலேயே முதல் தவணையில் 21,250 ரூபாய் வட்டிக்குப் போய்விடும், அசலில் கழிவது வெறும் 4,785 தான். அதனால்தான் ஆரம்ப வருடங்களில் போனஸோ சீட்டுப் பணமோ கைக்கு வந்தால் நகைக்கடைப் பக்கம் போகாமல் நேராக அசலில் கட்டச் சொல்கிறேன். மாறும் வட்டிக் கடனுக்கு இதற்கு அபராதம் கிடையாது.

அப்புறம், வட்டி ஏறும்போது வங்கி தவணையை அப்படியே விட்டுக் காலத்தை நீட்டிவிடலாம், வருடங்கள் கூடுவது நமக்குத் தெரியவே தெரியாது. தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா என்று உங்களைக் கேட்க வேண்டும் என ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்டிலேயே சொல்லிவிட்டது. தவணையைக் கூட்டச் சொல்லி எழுதிக் கொடுங்கள்.