வாசகர் கேள்வி பதில்: குடியேற்றத் திட்டம் ஊரானது எப்படி?

கேள்வி: வன்னியின் குடியேற்றக் கிராமங்களுக்கு ஆட்கள் வந்தது வேறு வேறு இடங்களிலிருந்து. முன்பின் தெரியாத சனம் எப்படி ஒரே ஊராயிற்று? கோயில் கட்டியதாலா?
– வாசகர், வவுனியா

பதில்: கோயில் பிறகுதான் வந்தது. நான் கண்ட அளவில் முதலில் எங்களைச் சேர்த்தது செத்த வீடு.

எங்கள் குடும்பம் தமிழருக்கு எதிரான 1977 கலவரத்துக்குப் பிறகு மலையகத்தில் மாத்தளைப் பக்கத்துத் தோட்டம் ஒன்றிலிருந்து வன்னியின் கிளிநொச்சிக்கு வந்தது. நான் அப்போது சிறுமி. 1958 கலவரத்துக்குப் பிறகு வந்தவர்களும், எழுபதுகளில் தோட்டத்துப் பஞ்சம் தாங்காமல் வந்தவர்களும் எங்களுக்கு முன்பே காடு வெட்டிக் கொட்டில் போட்டிருந்தார்கள். வாய்க்காலுக்கு அப்பால் யாழ்ப்பாணத்துக் குடும்பங்கள். அவர்கள் வந்தது இன்னும் முந்தி. கனகராயன் ஆற்றை மறித்து இரணைமடுக் குளம் 1920ல் கட்டி முடிந்தது. யாழ்ப்பாணத்தின் சன நெருக்கத்தையும் வேலையில்லாக் கஷ்டத்தையும் குறைக்க 1936ல் கிளிநொச்சியில் குடியேற்றம் தொடங்கியது. இரண்டு பக்கமும் தமிழ்தான் பேசினோம், ஆனால் ஒரு வீட்டில் மற்றவர் தண்ணீர் வாங்கிக் குடிக்கிற பழக்கம் இல்லை.

ஒரு மாரியில் எங்கள் வரிசையில் ஒரு பெரியவர் காய்ச்சலில் போய்விட்டார். தோட்டத்தில் என்றால் லயத்து வரிசை வீடுகள் எல்லாமே திரண்டு வரும். தப்பு அடிக்க ஆள் இருக்கும், குழி வெட்ட ஆள் இருக்கும். இங்கே சுடலை எந்தப் பக்கம் என்றுகூட எங்களுக்குத் தெரியாது. செய்தி கேட்டு வாய்க்காலுக்கு அப்பாலிருந்து ஓர் ஐயா டிராக்டர் நிறைய விறகோடு வந்து இறங்கினார். அப்பா கையைக் கட்டிக்கொண்டு, "அய்யா, நாங்க பொதைக்கிற ஆளுங்க" என்றார். அவர் கொஞ்ச நேரம் பேசாமல் நின்றுவிட்டு, "அதுக்கென்ன, உங்கட முறைப்படி செய்யுங்கோ. விறகு சமைக்க உதவும்" என்று சொல்லி மண்வெட்டியோடு தன் மகன்மாரையும் அனுப்பினார். கருமாதி வரை அந்த விறகில்தான் சமைத்தோம்.

அதற்குப் பிறகுதான் மாதக் காசு போட்டு மரண உதவிச் சங்கம் தொடங்கினோம். பந்தல் தகரம், பெட்ரோமாக்ஸ், பெரிய கிடாரம் எல்லாம் சங்கத்துச் சொத்து. தலைவர் அந்த ஐயா. கணக்குக் கொப்பி என் மாமாவிடம். அந்தக் கொப்பியில் இரண்டு பக்கத்துப் பெயர்களும் வீட்டு வரிசைப்படி கலந்து இருந்தன. வேறு எந்த இடாப்பிலும் அப்படி இருக்கவில்லை.

அப்புறம் இரவுக் காவல். யானையும் பன்றியும் இறங்கும் காலத்தில் தனி ஆளாகக் கண் விழித்து ஒரு காணியைக் காப்பாற்ற முடியாது. முறை போட்டுக் கொட்டிலில் படுத்தோம். வெயில் காலத்துச் சிறுபோகத்தில் குளத்துத் தண்ணீர் எல்லா வயலுக்கும் காணாது. எத்தனை ஏக்கர் விதைப்பது, யாருக்கு எவ்வளவு பங்கு என்று கூட்டம் வைத்து முடிவு எடுப்பார்கள். சண்டையும் நடக்கும். ஆனாலும் அடுத்த நாள் வாய்க்கால் துப்புரவாக்க எல்லோரும் வந்தாக வேண்டும்.

ஒன்றை மறைக்கக் கூடாது. அந்தக் கூட்டத்தில் எங்கள் ஆட்கள் பெரும்பாலும் வெளியில்தான் நின்றார்கள். குளத்துக்குக் கீழே நீர் பாயும் வயல் முந்தி வந்தவர்களிடம் இருந்தது. எங்களுக்குக் கிடைத்தது மேட்டுக் காணி. அவர்களுடைய வயலில் நாங்கள் கூலிக்கு இறங்கினோம். மலையகத் தமிழரிடமிருந்து 1948 பிரஜாவுரிமைச் சட்டம் பறித்த குடியுரிமை அப்போதும் பலருக்குத் திரும்பிக் கிடைக்கவில்லை. பிரஜை இல்லாதவருக்கு அரச காணியில் இருக்கும் அனுமதிப் பத்திரமான பெர்மிட் இல்லை. வெட்டித் திருத்திய நிலத்திலேயே அத்துமீறிக் குடியேறியவர் என்று பெயர் வாங்குவது எவ்வளவு பெரிய வலி என்பதை என் அப்பாவின் முகத்தில் பார்த்திருக்கிறேன். செத்த வீட்டில் ஒன்றாகவும் வயலில் மேல் கீழாகவும் இருந்த ஊர் அது. இன்றும் அந்தக் கணக்குத் தீரவில்லை.

கேள்வி: காமன் கூத்து இப்போதும் உங்கள் பக்கம் நடக்கிறதா?
– வாசகி, பரந்தன்

பதில்: நடக்கிறது. மாசியில் கம்பம் ஊன்றி, ரதியும் மன்மதனுமாக வேஷம் கட்டி ஆடுகிறோம். போர்க்காலத்தில் நின்று போயிருந்தது. 2009க்குப் பிறகு முகாமிலிருந்து திரும்பியவுடன் கிணறுகளை இறைத்தோம், சங்கக் கொப்பியைப் புதிதாக எழுதினோம், பிறகு கூத்து. பாட்டைத் தெரிந்த வயதானவர்கள் குறைந்துவிட்டார்கள். உங்கள் வீட்டில் யாருக்காவது தெரிந்திருந்தால் தயவுசெய்து போனில் பதிந்து வையுங்கள்.

கேள்வி: அப்பாவின் காணி பெர்மிட் காணி. எனக்கு இரண்டு அண்ணன்மார் இருக்கிறார்கள். மகளுக்கு உரிமை உண்டா?
– வாசகி, விசுவமடு

பதில்: உண்டு. 1935ன் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தில், பெர்மிட்காரருக்குப் பின் காணியைப் பெறும் பின்னுரித்தாளர் பெயர் குறிக்கப்படாவிட்டால் மகன் முந்தி, மகள் பிந்தி என்ற வரிசை இருந்தது. 2022 திருத்தம் அதை எடுத்துவிட்டது. ஆனால் வரிசையை நம்பி இருக்காதீர்கள். அப்பா யாரை விரும்புகிறாரோ அவர் பெயரை உயிரோடு இருக்கும்போதே பிரதேச செயலகத்தில் பதிவு செய்யச் சொல்லுங்கள். அதில் மகளின் பெயரையும் குறிக்கலாம். போகும்போது அசல் பெர்மிட்டைக் கொண்டு போங்கள். இடம்பெயர்வில் தொலைந்திருந்தால் அதை முதலிலேயே காணி உத்தியோகத்தரிடம் சொல்லிவிடுங்கள். அண்ணன்மாரிடமும் இப்போதே பேசிவிடுவது நல்லது.