நெருக்கடியில் புத்தாக்கம் பிறக்கிறதா? வாசகர் கேள்விகளுக்குப் பதில்கள்

பல்துறைக் கல்லூரியில் பொருளாதார வரலாறு நடத்தியவன் என்ற முறையில் இந்த வாரம் என்னைப் பதில் சொல்ல அழைத்திருக்கிறார்கள். கேள்விகள் குவிந்துவிட்டன. என் துறைக்குள் வருபவற்றுக்கு விரிவாக எழுதுகிறேன். பங்குச்சந்தை ஆலோசனை என் துறை அல்ல என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

கவிதா, செங்காங்: பொருளாதார நெருக்கடிதான் புத்தாக்கத்தின் தாய் என்று எங்கள் அலுவலகப் பயிற்சியில் சொன்னார்கள். உண்மையா ஐயா?

பாதி உண்மை. அந்தப் பாதியும் பெரும்பாலும் தவறாகவே சொல்லப்படுகிறது.

1975இல் கெர்ஹார்ட் மென்ஷ் என்ற ஜெர்மானியப் பொருளியலாளர், அடிப்படைப் புத்தாக்கங்கள் பெருமந்தக் காலங்களில் கொத்துக் கொத்தாக வருகின்றன என்று வாதிட்டார். பழைய தொழில்கள் லாபம் தராமல் போகும்போதுதான் முதலாளிகள் புதியதைத் துணிந்து தொடுவார்கள் என்பது அவர் தர்க்கம். பிரிட்டனில் கிறிஸ்டபர் ஃப்ரீமனும் அவருடைய குழுவினரும் அதை மறுத்தார்கள். ஒரு கண்டுபிடிப்புக்கு எந்த ஆண்டைப் போடுகிறோம் என்பதைப் பொறுத்தே அந்தக் கொத்து தெரிகிறது, மறைகிறது என்றார்கள்.

நைலானையே எடுத்துக்கொள்ளுங்கள். 1930களின் பெருமந்தம் பெற்ற பிள்ளை என்று அதைத்தான் எல்லாரும் காட்டுவார்கள். டூபாண்ட் நிறுவனத்தின் ஆய்வுக்கூடத்தில் வாலஸ் கரோதர்ஸ் நைலானை உருவாக்கியது 1935இல். உலகுக்கு அறிவித்தது 1938இல். காலுறையாகக் கடைக்கு வந்தது 1940இல். இந்த மூன்று ஆண்டுகளை மட்டும் பார்த்தால் நெருக்கடியின் வெற்றிதான். ஆனால் உடனடி லாபத்தை எதிர்பாராத அடிப்படை ஆராய்ச்சிக்கு அந்த நிறுவனம் பணம் ஒதுக்கியது 1927இல். கரோதர்ஸை ஹார்வர்டிலிருந்து அழைத்து வந்தது 1928இல். அப்போது பங்குச்சந்தை உச்சத்தை நோக்கி ஏறிக்கொண்டிருந்தது.

பஞ்சத்தில் நெல் விளைவதில்லை. பஞ்சத்துக்கு முன்பே குதிரில் போட்டு, பசித்தபோதும் தொடாமல் காத்த விதைநெல்தான் பின்னால் விளைகிறது. 1930களில் அமெரிக்காவில் காப்புரிமை விண்ணப்பங்கள் கணிசமாகக் குறைந்தன. அதே அமெரிக்காவில் 1933க்கும் 1940க்கும் இடையே தொழில்துறை ஆய்வுக்கூடப் பணியாளர் எண்ணிக்கை இரண்டு மடங்குக்கு மேல் கூடியது. தனி ஆள் கண்டுபிடிப்பாளர் கைவிட்டார், பணபலமுள்ள ஆய்வுக்கூடம் தாக்குப்பிடித்தது. உங்கள் பயிற்சியாளரிடம் அடுத்த முறை ஒன்று கேளுங்கள்: அந்த விதைக்குப் பணம் கொடுத்தது யார், எந்த ஆண்டில்?

ரமேஷ், உட்லண்ட்ஸ்: அடுத்த நெருக்கடி வந்தால் எந்தப் புத்தாக்க நிறுவனத்தின் பங்கை வாங்கலாம்?

தெரியாது. முதலீட்டுக்கு முன், பண விவரங்களை எளிமையாகச் சொல்லும் மணிசென்ஸ் இணையத்தளத்தைப் பாருங்கள். உங்களுக்கு விற்க வருகிறவரிடம் ‘இதில் நான் எப்படிப் பணத்தை இழப்பேன்?’ என்று கேளுங்கள். அதை இரண்டு வாக்கியத்தில் விளக்க முடியாதவரிடம் வாங்காதீர்கள்.

சரவணன், கிளமெண்டி: சிங்கப்பூரில் நெருக்கடியால் வந்த புத்தாக்கம் ஒன்றைச் சொல்லுங்கள்.

நான் வகுப்பில் எப்போதும் எடுப்பது டிரேட்நெட், அதாவது ஏற்றுமதி, இறக்குமதி அனுமதிகளைக் கணினி வழியே பெறும் கட்டமைப்பு.

சுதந்திரத்துக்குப் பிறகு நம் பொருளாதாரம் முதன்முறையாக முழு ஆண்டும் சுருங்கியது 1985இல். லீ சியன் லூங் தலைமையிலான பொருளாதாரக் குழு 1986இல் அறிக்கை கொடுத்தது. முதலாளிகளின் மத்திய சேம நிதிச் சந்தா 25 விழுக்காட்டிலிருந்து 10 விழுக்காட்டுக்கு இறங்கியதை அன்று வேலையில் இருந்தவர்கள் மறந்திருக்க மாட்டார்கள். அதே அறிக்கை, வாணிபத்தைத் தகவல் தொழில்நுட்பத்தால் விரைவுபடுத்த வேண்டும் என்றும் சொன்னது.

அன்றைய சரக்கு முகவர் அலுவலகத்தைக் கொஞ்சம் நினைத்துப் பாருங்கள். தட்டச்சுப் பொறியில் கார்பன் தாள் வைத்து அடித்த படிவக் கட்டு. அதை ஒரு பையன் பையில் போட்டுக்கொண்டு பஸ் ஏறுவான். ஓர் அலுவலகத்தில் முத்திரை, அடுத்ததில் கையெழுத்து, இன்னொன்றில் ‘நாளைக்கு வா’. ஒரு எண் தவறாக அடித்திருந்தால் முதலிலிருந்து தொடங்க வேண்டும். கப்பல் துறைமுகத்தில் நிற்கும். தாள் ஊரைச் சுற்றும். 1989 ஜனவரியில் டிரேட்நெட் ஓடத் தொடங்கியதும் நாள்கணக்கில் ஆன அனுமதி நிமிடக்கணக்குக்கு வந்தது.

இதையும் கவனியுங்கள். தேசியக் கணினி வாரியம் அமைக்கப்பட்டது 1981இல். அரசாங்க அலுவலகங்களைக் கணினிமயமாக்கும் வேலையும், அதற்கு ஆள்களைப் பயிற்றுவிக்கும் வேலையும் மந்தம் வருவதற்கு முன்பே தொடங்கிவிட்டன. 1985 செய்தது வேறு. பல துறைகள் தத்தம் படிவங்களை விட்டுக்கொடுக்க மறுத்துக்கொண்டிருந்த இடத்தில், இனித் தள்ளிப்போட முடியாது என்ற நிலையை உண்டாக்கியது. நெருக்கடி தரும் உண்மையான பரிசு அந்த இணக்கம்தான்.

மீனா, தெம்பனிஸ்: நியூவாட்டர்? தண்ணீர் நெருக்கடியில் பிறந்ததுதானே?

தண்ணீர்க் கவலை நமக்கு 1960களிலிருந்தே இருந்தது. 1974இல் கழிவுநீரைச் சுத்திகரித்து மீண்டும் பயன்படுத்த ஒரு சோதனை ஆலை கட்டி, செலவு மிக அதிகம், நுட்பத்தை நம்ப முடியவில்லை என்று அடுத்த ஆண்டே மூடினார்கள். சவ்வூடு வடிகட்டும் நுட்பம் 1990களில் முதிர்ந்து மலிவான பிறகுதான் 2000இல் பிடோக்கில் பெரிய மாதிரி ஆலை வந்தது, 2003இல் நியூவாட்டர் முறையாகத் தொடங்கியது. தேவை அப்படியே இருந்தது. நுட்பம் வர கால் நூற்றாண்டு ஆனது.

ஹரிணி, பொங்கோல்: புத்தாக்கமே நெருக்கடியைக் கொண்டுவருமா?

நல்ல கேள்வி. கொண்டுவரும். 2008 செப்டம்பர் 15இல் லேமன் பிரதர்ஸ் என்ற அமெரிக்க முதலீட்டு வங்கி விழுந்தபோது, இங்கே ‘மினிபாண்ட்’ என்ற பெயரில் விற்கப்பட்ட பத்திரங்களை வாங்கியிருந்தவர்களில் ஓய்வுபெற்றவர்கள் பலர். பெயரில் ‘பாண்ட்’ இருந்ததால் வைப்புத்தொகை போலப் பாதுகாப்பானது என்று நம்பினார்கள். அதற்குள் இருந்தது வேறொருவரின் கடன் தவறினால் உங்கள் பணம் போகும் என்ற ஒப்பந்தம். அந்த அக்டோபரில் ஹொங் லிம் பூங்காவில் கூடியவர்களின் முகங்கள் எனக்கு இன்றும் மறக்கவில்லை. சிங்கப்பூர் நாணய ஆணையம் 2009 ஜூலையில் 10 நிதி நிறுவனங்கள் அத்தகைய பத்திரங்களை விற்கத் தற்காலிகத் தடை விதித்தது. ரமேஷுக்குச் சொன்னதைத் திரும்பவும் சொல்கிறேன்: எப்படி இழப்பீர்கள் என்று விளக்க முடியாதவரிடம் வாங்காதீர்கள்.

பாலா, புக்கிட் பாத்தோக்: ஐயா, ஒத்துக்கொள்ள முடியவில்லை. ஜோசப் ஷும்பீட்டர் ‘படைப்புச் சிதைவு’ என்றார். பழையது சாக வேண்டும், புதியது எழ வேண்டும். 2020 ஏப்ரல், மே மாதங்களில் அரசாங்கம் எல்லா நிறுவனங்களுக்கும் சம்பளத்தின் முதல் 4,600 வெள்ளியில் 75 விழுக்காட்டைக் கொடுத்தது. சாக வேண்டியவற்றைப் பிழைக்க வைத்துவிட்டுப் புத்தாக்கம் எங்கே என்று தேடுகிறோம்.

பாலா, நெருக்கடி ஆள் பார்த்துக் கொல்வதில்லை. 2020இல் கொவிட் பரவலைத் தடுக்க முறியடிப்புத் திட்டத்தில் கடை மூடியபோது திறமையற்றவர் கடை மட்டுமா மூடியது? கையில் ரொக்கம் குறைவாக இருப்பவரே முதலில் விழுகிறார். அவர் பெரும்பாலும் இளைய நிறுவனம், ஆய்வில் எல்லாவற்றையும் போட்டவர். கலைந்துபோன பொறியாளர் குழுவைத் திரும்பக் கூட்ட முடியாது. அவர்கள் கைகளில் இருந்த அறிவு எந்தத் தாளிலும் எழுதப்படவில்லை.

பாலா: அப்படியானால் ஜப்பான்? 1990களில் எல்லாரையும் காப்பாற்றித்தானே தேங்கிப்போனார்கள்?

அதில் உங்கள் பக்கம் நியாயம் இருக்கிறது. ஜப்பானிய வங்கிகள், தேறாத நிறுவனங்களுக்குக் கடனைப் புதுப்பித்துக்கொண்டே போயின. அப்படிப்பட்டவை மலிந்த துறைகளில் புதிய நிறுவனங்கள் நுழைய இடமில்லாமல் போனது. ஆனால் அது வருடக்கணக்கில் நீடித்தது, வங்கிகள் தங்கள் நட்டத்தை மறைப்பதற்காகச் செய்தது. முடிவு தேதி வைத்து, தொழிலாளர் சம்பளத்துக்கென்று கொடுத்ததையும் அதையும் ஒரே தட்டில் வைக்காதீர்கள்.

லதா, காக்கி புக்கிட்: நடுவில் வருவதற்கு மன்னிக்கவும். உலோக உதிரிப்பாகப் பட்டறை வைத்திருக்கிறேன். 2020இல் ஆர்டர் நின்றது. அந்த உதவி இருந்ததால் இரண்டு இயந்திர இயக்குநர்களை அனுப்பவில்லை. சாதாரண நாளில், கணினி இயக்கும் சிஎன்சி இயந்திரத்தை அரை மணி நேரம் நிறுத்தினாலே நட்டம். அன்று இயந்திரம் சும்மா நின்றதால் புதுப் பிடிமானம் ஒன்றைச் செய்து பார்க்க முடிந்தது. இப்போது வேலை மாற்றும் நேரம் பாதியாகிவிட்டது.

அம்மா, ஒரு பெரிய ஆய்வுக் கட்டுரையின் சாரத்தை நான்கு வரியில் எழுதிவிட்டீர்கள்! மந்தத்தில் உற்பத்தியை நிறுத்துவதால் இழப்பு குறைவு, ஆகவே ஆய்வுக்கு அதுவே மலிவான காலம் என்பது கோட்பாடு. ஆனால் நாடுகளின் மொத்தக் கணக்கைப் பார்த்தால் மந்தத்தில் ஆய்வுச் செலவு குறைகிறது. ஏன் இந்த முரண்? பிலிப் அகியோனும் சக ஆய்வாளர்களும் பிரெஞ்சு நிறுவனங்களின் கணக்கை வைத்து விடை கண்டார்கள். தாராளமாகக் கடன் கிடைக்கும் நிறுவனங்களில், மந்தத்தின்போது மொத்த முதலீட்டில் ஆய்வின் பங்கு கூடியது. கடன் கிடைக்காதவற்றில் அது குறைந்தது. வழியில்லாதவன் விதைநெல்லைக் குற்றித் தின்றுவிடுகிறான்.

பாலா: அரசாங்கப் பணம் எல்லாம் லதா அக்கா போன்றவர்களுக்கா போகிறது? புத்தாக்க வரிச்சலுகை என்று 2010இல் அறிவித்தார்களே. செலவில் 400 விழுக்காடு வரை வரிக்கழிவு அல்லது ரொக்கம். ஐபேட் வாங்கியவர்களும் ரொக்கம் கேட்டார்கள், பொய்க் கணக்கு காட்டியவர்கள் தண்டிக்கப்பட்டார்கள்.

இந்தப் புள்ளியில் நீங்கள் சொல்வது முழுக்கச் சரி. கடையில் வாங்கக்கூடிய பொருளுக்குக் கொடுக்கும் பணம், வாங்கும் பழக்கத்தைத்தான் வளர்க்கும். 2018 மதிப்பீட்டு ஆண்டோடு அந்தத் திட்டம் முடிந்தது நல்லதே. நான் தாங்கிப் பேசுவது நீண்டகால ஆய்வுப் பணத்தை. 2020 டிசம்பரில், பொருளாதாரம் படுத்துக் கிடந்தபோது, அடுத்த ஐந்தாண்டு ஆய்வுத் திட்டத்துக்கு 25 பில்லியன் வெள்ளி என்று அறிவித்தார்கள். முந்தைய ஐந்தாண்டுக்கு 19 பில்லியன். வருமானம் குறைந்த ஆண்டில் ஒதுக்கீட்டைக் கூட்டுவதற்கு நெஞ்சுரம் வேண்டும். அதைத்தான் நாம் விடாமல் கேட்க வேண்டும்.

முருகேசன், தோ பாயோ: நீங்கள் இருவரும் நிறுவனம் பிழைப்பதைப் பற்றியே பேசுகிறீர்கள். என் அப்பா துறைமுகத்தில் மூட்டை தூக்கினார். கொள்கலன் வந்ததும் அவர் வேலை போனது. அது எந்த நெருக்கடியில் வந்தது?

நெருக்கடியில் வரவில்லை முருகேசன். அதனால்தான் உங்கள் கேள்வி எங்கள் இருவர் வாதத்தையும் விட முக்கியமானது. 1972 ஜூனில் தஞ்சோங் பகாரில் முதல் கொள்கலன் கப்பல் வந்தது வேகமான வளர்ச்சிக் காலத்தில். திட்டமிட்டது 1960களில், உலக வங்கிக் கடனோடு. நம் தமிழர்கள் தலைமுறையாகச் செய்துவந்த வேலை அது. நாடு பிழைத்தது, பெருகியது. உங்கள் அப்பாவின் தோள்களுக்குத்தான் வேலையில்லாமல் போனது. 1983இல் தொங்கான்கள் என்ற சரக்குப் படகுகளும் சிங்கப்பூர் ஆற்றை விட்டுப் போயின. நல்ல காலத்தில் வரும் புத்தாக்கமும் ஆளைத் தள்ளும். ஆனால் நல்ல காலத்தில் தள்ளப்பட்டவருக்குப் பக்கத்தில் வேறு வேலை இருக்கும், மந்தத்தில் இருக்காது. பாலா, ‘சாகட்டும்’ என்று எழுதும்போது இதையும் சேர்த்து யோசியுங்கள்.

பாலா: அந்த ஒன்றை ஏற்கிறேன். மற்றதை அடுத்த வாரம் தொடர்வேன்.

வாருங்கள்.

தினேஷ், ஈசூன்: பிட்காயின் 2008 நெருக்கடியில் பிறந்ததுதானே? இப்போது வாங்கலாமா?

பிட்காயினை முன்வைத்த கட்டுரை வெளியான நாள் 2008 அக்டோபர் 31. அதன் உறுப்புகளான மின்கையொப்பமும், கணினி உழைத்ததைக் காட்டும் கணிப்புச் சான்றும் அதற்கு முன்பே இருந்தவை. இரண்டாம் கேள்விக்கு மேலே பதில் இருக்கிறது.

ஷாலினி, அங் மோ கியோ: செயற்கை நுண்ணறிவுப் பங்குகள்...

முதலீட்டுக் கேள்விகளை இனி எடுக்கப்போவதில்லை. தயவுசெய்து மேலே உள்ளதைப் படித்துவிட்டுக் கேளுங்கள். ஆனால் உங்கள் கேள்விக்குள் வரலாறு இருப்பதால் ஒன்று சொல்கிறேன். 1840களில் பிரிட்டனில் ரயில் பங்கு மோகம் சரிந்தது, தண்டவாளம் நின்றது. 2000 மார்ச்சில் அமெரிக்கப் பங்குக் குறியீடான நாஸ்டாக் 5,048இல் இருந்து 2002 அக்டோபரில் 1,114க்கு விழுந்தது, புதைத்த கண்ணாடியிழைக் கம்பிகள் நின்றன, பின்னால் வந்தவர்கள் மலிவாகப் பயன்படுத்தினார்கள். இன்றைய தரவு நிலையங்களின் சில்லுகள் சில ஆண்டுகளில் பழசாகிவிடும். ஆகவே குமிழி உடைந்தாலும் மிச்சம் இருக்கும் என்ற ஆறுதலை அப்படியே இதற்குப் பொருத்த முடியாது. மின்னிணைப்பும் கட்டடமும் மிஞ்சலாம்.

தொடக்கக்கல்லூரி மாணவர்: இதே தலைப்பில் எனக்கு ஒரு கட்டுரை எழுதித் தர முடியுமா?

முடியாது. விக்டோரியா ஸ்திரீட்டில் உள்ள தேசிய நூலகத்தில் 1986 பொருளாதாரக் குழு அறிக்கையைக் கேளுங்கள். ஒரே ஒரு பரிந்துரையை எடுத்து, அதன் வேர் எந்த ஆண்டு வரை போகிறது என்று தேடுங்கள். எழுதிய பின் அனுப்புங்கள், வரிக்கு வரி படித்துக் கருத்துச் சொல்கிறேன்.

பெயர் வேண்டாம், ஜூரோங் வெஸ்ட்: 47 வயது. மின்னணுத் தொழிற்சாலையில் தொழில்நுட்பர். போன மாதம் ஆட்குறைப்பு. வரலாறு எல்லாம் சரி, நான் என்ன செய்வது?

முதலில் பணம். சொந்தத் தவறின்றி வேலை இழந்த குடிமக்களுக்கு, தகுதி பெற்றால், ஆறு மாதத்தில் 6,000 வெள்ளி வரை கொடுக்கும் ஸ்கில்ஸ்பியூச்சர் வேலை தேடுவோர் ஆதரவுத் திட்டம் (SkillsFuture Jobseeker Support) 2025 ஏப்ரலில் தொடங்கியிருக்கிறது. மாதச் சராசரி வருமானம் 5,000 வெள்ளிக்கு மிகாமல் இருந்திருக்க வேண்டும். இன்றே விண்ணப்பியுங்கள். 40 வயதைக் கடந்தவர் என்பதால், பயிற்சிக் கட்டணத்துக்கான ஸ்கில்ஸ்பியூச்சர் கணக்கில் 2024 மே மாதம் போட்ட 4,000 வெள்ளி உங்களுக்கு உண்டு. தேர்ந்தெடுத்த முழுநேரப் படிப்பு என்றால் மாதம் 3,000 வெள்ளி வரை பயிற்சிப் படியும் கிடைக்கும்.

பிறகு படிப்பு. விளம்பரத்தைப் பார்த்துச் சேராதீர்கள். உங்கள் பழைய மேற்பார்வையாளரிடமோ வேறு தொழிற்சாலையில் இருக்கும் நண்பரிடமோ, இப்போது எந்த இயந்திரத்துக்கு ஆள் கிடைக்காமல் திண்டாடுகிறார்கள் என்று கேட்டுவிட்டு அதற்கான வகுப்பைத் தேடுங்கள். லதா அம்மா காக்கி புக்கிட்டில் பட்டறை வைத்திருக்கிறார். அவரிடம் நான் அனுமதி கேட்டிருக்கிறேன். சம்மதித்தால் உங்கள் இருவரையும் இணைத்து வைக்கிறேன்.