ஏற்காட்டில் விழும் வேற்றுக்கிரகப் பூஞ்சை அறிவைச் சேமித்துப் பரப்ப முடியுமா?

சேர்வராயன் மலைக் காப்பித் தோட்டத்தில் விழும் ஒரு பூஞ்சை, வேறோர் உலகத்தின் அறிவையே சுமந்து வருகிறது. கதையில் இதை நம்பும்படி எழுதுவது எப்படி என்று கேட்டிருக்கிறீர்கள்.

சேமிப்பு பெரிய சிக்கலே இல்லை. டிஎன்ஏவில் கோப்புகளை எழுதித் திரும்பப் படிப்பதை ஆய்வகத்தில் செய்து பார்த்துவிட்டார்கள். ஒரு கிராமில் சுமார் 215 பெட்டாபைட் (ஒரு பெட்டாபைட் என்பது பத்து லட்சம் ஜிகாபைட்) அடக்கலாம் என்று 2017இல் வந்த ஆய்வு காட்டியது. ஆக, பூஞ்சை பரவ உதவும் நுண்வித்துகளின் (ஸ்போர்) தூள் ஒரு சிட்டிகை போதும்.

கடத்துவதில்தான் சுவாரசியம். காப்பிச் செடியின் அடியில் ஈரச் சருகைக் கிளறினால் வெள்ளை இழைகள் தெரியும். அவை பெரும்பாலும் சருகை மக்க வைப்பவை. உங்களுக்கு வேண்டியது வேருக்குள் குடியிருக்கும் வேர்ப்பூஞ்சை. காப்பி வேரிலும் உண்டு, நிழல்மரத்தில் ஏறும் மிளகுக்கொடியின் வேரிலும் உண்டு. ஒரே வகை இழைகள் இரண்டு சந்தித்தால் ஒட்டிக்கொள்ளும், உட்கருக்கள்கூட இடம் மாறும். அறிவும் அந்த வழியாகவே போகட்டும். பூஞ்சையில் மின்துடிப்பும் பதிவாகியிருக்கிறது. அதை மொழி என்பதெல்லாம் கொஞ்சம் ஓவர்.

வேகத்தில் மட்டும் ஏமாற்றாதீர்கள். இழை வளர்வது நாளுக்குச் சில மில்லிமீட்டர்தான். தோட்டத்திலிருந்து சேர்வராயன் கோயில் வரை மண்ணுக்குள் போக ஒரு தலைமுறை போதாது. காற்றில் வித்து பறந்தால் ஒரே நாள்.

அப்புறம், வில்லனை வெளியே தேட வேண்டாம். இலைத்துரு நோய்க்காக மழைக்கு முன் மயில்துத்தமும் சுண்ணாம்பும் கலந்த போர்டோ கலவை என்ற பூஞ்சைக்கொல்லியை அடிப்பார்கள். இலையில் இருக்கும் நூலகம் அதோடு காலி; வேரில் இருக்கும் பிரதி தப்பிக்கும்.